நீ யார்? உனக்கு யார் சொன்னார்?

"இது உம்முடைய கையெழுத்துத்தானா?"

"இல்லீங்க ஐயா."

இரண்டே சொல், தோழர்களே! அந்த இரண்டு சொல்லிலே 27 மாதக் காத்திருப்பு பொலபொலவென்று உதிர்ந்து விழுந்தது.

கேள்வி கேட்டவர் எதிர்த்தரப்பு வக்கீல். விடை சொன்னவர், எவர்சில்வர் பாத்திரப் பட்டறையிலே பிரஸ் மெஷினுக்கு வலது கையைப் பறிகொடுத்துவிட்டு, வெறுமையான சட்டைக் கையை மடித்து ஊக்குக் குத்திக்கொண்டு வந்து நின்ற தொழிலாளி. நீதி கேட்டு வந்தவர் அவர். பொய் சொல்லத் தெரியாதவரும் அவரே. கேட்டார்கள், உள்ளதைச் சொன்னார். பின்வரிசைப் பெஞ்சிலே தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தவன் நான். ஏனெனில் அந்த மனுவை எழுதியவன் நான். அதன் அடியிலே கையெழுத்திட்டவரோ, அதே பட்டறையிலே அவருடன் வேலை பார்த்த நண்பர். தம் பெயரையா எழுதினார்? இல்லை, கை இழந்தவரின் பெயரை எழுதினார். "போடுங்கள் அண்ணே! நண்பருக்காகத்தானே போடுகிறீர்கள், ஊரைக் கொள்ளையடிக்கவா போடுகிறீர்கள்?" என்று அவருக்குத் தைரியம் சொன்ன மேதாவியும் நானே!

அப்போது எனக்கு வயது 22. பள்ளிக்கூடத்தோடு படிப்பு நின்றுவிட்டது. ஆனால் மேடையேறினால் பேசுவேன், தாளைக் கொடுத்தால் மனு எழுதுவேன். ரேஷன் அட்டைக்கு மனு, முதியோர் பென்ஷனுக்கு மனு, தெருவிளக்குக்கு மனு என்று படிப்பகத்துக்கு வருவோர்க்கெல்லாம் எழுதிக் கொடுத்தவன். அந்த மிதப்பிலே இழப்பீட்டு மனுவும் தெருவிளக்கு மனுவும் ஒன்றுதான் என்று எண்ணிவிட்டேன். தெருவிளக்கு மனுவிலே யார் கையெழுத்துப் போட்டால் என்ன? விளக்கு எரிந்தால் எல்லோருக்கும் வெளிச்சம். இழப்பீட்டு மனு அப்படியா? அது ஒரு மனிதன் இன்னொரு மனிதனைக் கூண்டுக்கு இழுக்கும் காரியம். இழுப்பவன் யார் என்பதைத்தான் முதலிலே கேட்பார்கள்.

பட்டறை சிறியது, ஈ.எஸ்.ஐ. கிடையாது. முதலாளியோ, தீபாவளி கழியட்டும், பொங்கல் வரட்டும், சித்திரை பிறக்கட்டும் என்று ஒன்றரை ஆண்டுக் காலம் இழுத்தார். விபத்து நடந்த 2 ஆண்டுக்குள் மனுப் போட்டாக வேண்டும் என்பது அப்போது நடப்பிலிருந்த 1923ஆம் ஆண்டு இழப்பீட்டுச் சட்டத்தின் விதி. 22ஆம் மாதத்திலேதான் எங்களுக்கு விழிப்பு வந்தது. இரவோடு இரவாக எழுதினோம். கையில்லாதவர் எப்படிக் கையெழுத்துப் போடுவார் என்று நண்பரைப் போடச் சொன்னோம். 27ஆம் மாதத்திலே விசாரணை. அங்கேதான் அந்தக் கேள்வி. அங்கேதான் அந்த விடை.

வக்கீல் கனைத்துக்கொண்டார். "மனுதாரரே தம் கையெழுத்தல்ல என்கிறார். இது மனுவே அல்ல, போலிப் பத்திரம். போட்டவர் யார் என்று பார்த்து அவர்மீது வழக்குத் தொடரவேண்டும்" என்றார். நண்பரின் முகம் வெளுத்துவிட்டது. விசாரித்த அதிகாரி நல்லவர். எங்களைத் திட்டவில்லை, திட்டியிருந்தால்கூடத் தேவலை! சட்டப் புத்தகத்தைப் புரட்டி 24ஆம் பிரிவைப் படித்துக் காட்டினார். தொழிலாளி தாமே மனுப் போடவேண்டும் என்பதில்லை. அவருக்காக வழக்கறிஞர் போடலாம். பதிவுபெற்ற தொழிற்சங்கத்தின் நிர்வாகி போடலாம். ஆணையர் அனுமதித்தால் வேறு எவரும்கூடப் போடலாம். வேண்டியது ஒன்றே ஒன்று: அவருக்கு அந்த அதிகாரத்தைத் தொழிலாளி எழுத்திலே கொடுத்திருக்க வேண்டும். கதவு திறந்துதான் கிடந்தது. நாங்கள் சுவரேறிக் குதித்திருக்கிறோம்!

"கையில்லாதவர் எழுத்திலே எப்படி அதிகாரம் கொடுப்பார்?" என்று எழுந்து கேட்டேன். வயதின் வீம்பு.

அதிகாரி தொழிலாளியின் இடது பக்கத்தைப் பார்த்தார். "அந்தக் கையிலே பெருவிரல் இருக்கிறதே" என்றார்.

பெயரை எழுத இயலாதவர் இடுகிற அடையாளமும் கையெழுத்தே என்று 1897ஆம் ஆண்டுப் பொதுச் சொற்பொருள் சட்டமே சொல்லியிருக்கிறது. நூறாண்டுக்கு மேலாக அந்த வரி அங்கே கிடக்கிறது. நான் படிக்கவில்லை, அவ்வளவுதான்.

மனுவைத் திரும்பப் பெற்றுக்கொண்டு, புதிய மனுப் போட அனுமதி வாங்கி வெளியே வந்தோம். அன்று முதல் இந்தச் சங்கதியைத் தேடித் தேடிப் படித்தேன். என் அறியாமைக்கு அந்தத் தொழிலாளி விலை கொடுத்தார். அதே விலையை நம் தோழர்கள் இன்னொரு முறை கொடுக்க வேண்டாம் என்றுதான் இங்கே எழுதுகிறேன்.

"அவனுக்கு நீ ஏன் வக்காலத்து வாங்குகிறாய்?" என்று வீட்டிலே கேட்கிறோம். மருமகளுக்காக மாமனார் ஒரு வார்த்தை பேசிவிட்டால் போதும், மாமியார் இதைத்தான் கேட்பார்! கோர்ட்டிலேயிருந்து நம் அடுப்பங்கரை வரையிலே வந்து குடியேறிய சொல் அது. வீட்டிலே வாங்குகிற வக்காலத்துக்கு வாய் போதும். கோர்ட்டிலே வாங்குகிற வக்காலத்துக்குத் தாள் வேண்டும். தாளிலே உரியவரின் கையெழுத்து வேண்டும். 1908ஆம் ஆண்டு உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், 3ஆம் கட்டளை, 4ஆம் விதி: கட்சிக்காரரோ, அவரால் முறைப்படி அதிகாரம் பெற்றவரோ எழுத்திலே ஒப்பமிட்டு நியமித்தாலன்றி எந்த வழக்கறிஞரும் அவருக்காக நீதிமன்றத்திலே செயல்பட முடியாது. வானத்தைப் பிளந்து வாதாடும் வல்லவராக இருக்கட்டும், நாடறிந்த தலைவராக இருக்கட்டும், அந்தத் தாள் இல்லாவிட்டால் அவர் வேடிக்கை பார்க்க வந்தவர்களிலே ஒருவர்தான்.

தாள் ஒருமுறை தாக்கலாகிவிட்டால் எளிதிலே சாகாது. நீதிமன்றத்தின் அனுமதியோடு எழுத்து மூலம் முடித்துக்கொண்டாலோ, இருவரில் ஒருவர் இறந்தாலோ, வழக்கே முடிந்துபோனாலோதான் அதற்கு முடிவு. அச்சடித்து விற்கிற வக்காலத்துப் படிவத்தை ஒருமுறை நிறுத்தி நிதானமாய்ப் படித்துப் பாருங்கள். வாதாடுவது மட்டுமா அதிலே இருக்கிறது? சமரசம் செய்துகொள்ள, வழக்கைத் திரும்பப் பெற, பணத்தைப் பெற்றுக்கொள்ள என்று வரிசையாக அதிகாரங்கள் அடுக்கப்பட்டிருக்கும். இதையெல்லாம் படிக்காமல், பெயரும் எண்ணும் நிரப்பாத வெற்றுத் தாளிலே, டீக்கடைப் பெஞ்சிலே வைத்துக் கையெழுத்துப் போட்டுக் கொடுக்கிறோமே! விபத்து நடந்த வீட்டிலே அழுகை ஓயுமுன் படிவத்தோடு வந்து நிற்கிற தரகரைப் பார்த்ததில்லையா? துக்கம் கேட்க வந்தவர்போல உட்கார்ந்து, தண்ணீர் வாங்கிக் குடித்து, "இங்கே ஒரு கையெழுத்து, அங்கே ஒரு கையெழுத்து" என்பார். கிடைக்கிற பணத்திலே அவருக்கு எவ்வளவு என்பது மட்டும் அந்தத் தாளிலே இராது.

இன்னொரு மயக்கம் 'பவர்'. "பவர் எழுதி வாங்கிவிட்டேன், இனி நான்தான் அவர்" என்று சிலர் மார்தட்டுவதுண்டு. அதிகாரப் பத்திரம் பெரிய சங்கதிதான். வெளிநாட்டிலே வேலை பார்க்கிறவர், படுக்கையிலே கிடக்கிறவர், அலைய முடியாதவர் ஆகியோருக்காக மனுவிலே ஒப்பமிடவும் தாக்கல் செய்யவும் அது வழிகாட்டும். ஆனால் அது உங்களை வழக்கறிஞர் ஆக்கிவிடாது. குற்றவியல் நீதிமன்றத்திலே பவரை மட்டும் நீட்டி மற்றவருக்காக வாதாட முடியாது, நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும் என்று 1999இலே டி.சி. மத்தாய் வழக்கிலே உச்ச நீதிமன்றம் கூறிற்று. 2004இலே ஜான்கி போஜ்வானி வழக்கிலே இன்னொன்றும் கூறிற்று: பவர் வாங்கியவர், பவர் கொடுத்தவருக்கு மட்டுமே தெரிந்த செய்திகளைப் பற்றி அவருக்குப் பதிலாகச் சாட்சி சொல்ல முடியாது. சரிதானே! கையெழுத்துப் போடும் உரிமையைத் தாளிலே எழுதித் தரலாம்; கண்ணையும் காதையும் எப்படி எழுதித் தருவது?

ஆலைத் தோழர்களுக்கு இதிலே ஒரு தனிச் சலுகை உண்டு. 1947ஆம் ஆண்டுத் தொழில் தகராறுச் சட்டத்தின் 36ஆம் பிரிவு, தொழிலாளிக்காக அவருடைய சங்க நிர்வாகியே தொழில் நடுவர் மன்றத்திலே நிற்கலாம் என்றது. வக்கீலைக் கொண்டுவர வேண்டுமானால் எதிர்த்தரப்பும் சம்மதிக்க வேண்டும், நடுவர் மன்றமும் அனுமதிக்க வேண்டும் என்று முதலாளிமார்க்கு ஒரு கடிவாளமும் போட்டது. 2020இலே நிறைவேறிய தொழிலுறவுச் சட்டத்தொகுப்பிலும் சங்க நிர்வாகி நிற்கும் வழி வைக்கப்பட்டிருக்கிறது. ஆனால் அங்கும் 'தொழிலாளி எனக்கு அதிகாரம் தந்திருக்கிறார்' என்று காட்டும் தாள் வேண்டும். சங்கக் கொடி மட்டும் போதாது.

எதற்காக இத்தனை கெடுபிடி என்று கேட்கலாம். ஏழை நீதி கேட்டு வருகிறான். அவனுக்காக இன்னொரு ஏழை வருகிறான். இதிலே தாள் என்ன, பெருவிரல் என்ன? எனக்கும் முதலிலே கோபம்தான் வந்தது. சிலப்பதிகாரத்தை எண்ணிப் பார்த்த பிறகுதான் கோபம் தணிந்தது. கண்ணகி பாண்டியன் மன்றத்துக்குப் போகிறாள். கண்ணீரோடு நிற்கிறாள். மன்னன் எடுத்தவுடன் என்ன கேட்கிறான்? நீ யார் என்றுதான் கேட்கிறான்! அவள் அதற்காகச் சினந்து திரும்பிவிடவில்லை. தன் ஊர் புகார் என்கிறாள். மாசாத்துவானின் மகன் கோவலன், வாழ வந்த இடத்திலே உன்னால் கொலையுண்டான், அவன் மனைவி நான், கண்ணகி என் பெயர் என்கிறாள். ஊர், குடும்பம், கொலையுண்டவனோடு உறவு, தன் பெயர்: ஒன்றும் விடவில்லை. இன்றைய மனுவின் முதல் பக்கத்திலே எழுதச் சொல்வதும் அதைத்தானே? அதன் பிறகுதான் சிலம்பு உடைகிறது. கோவலனுக்குத்தான் அந்த வாய்ப்புக் கிடைக்கவில்லை. அவனை மன்றத்துக்கு அழைக்காமலே, அவன் வாய்மொழி கேட்காமலே, அரண்மனைப் பொற்கொல்லன் சொன்னதை நம்பி முடித்துவிட்டார்கள்.

ஒருவனைப் பற்றிய காரியத்திலே அவன் வாயைக் கேட்காமல் முடிவு கட்டாதே. கையெழுத்துக் கேட்கும் சட்டத்தின் உள்ளே இருப்பது இதுதான். உங்கள் பெயரிலே, உங்களுக்குத் தெரியாமல், ஒருவன் வழக்குப் போட்டு, அதை அரைகுறையாய் நடத்தித் தோற்றுவிட்டான் என்று வையுங்கள். நாளை நீங்கள் உண்மையாகவே வழக்கோடு போனால், "இது ஏற்கெனவே தீர்ந்த வழக்கு" என்று எதிரி கைகொட்டிச் சிரிப்பான். தோழனாக வந்தவன் வைத்துவிட்டுப்போன பூட்டை உடைப்பதற்கே உங்கள் காலம் போய்விடும். எனவே, 'யார் சொல்லி வந்தாய்' என்ற கேள்வி ஏழையைத் துரத்தும் கேள்வி மட்டுமல்ல. ஏழையின் பெயரைக் காக்கும் கேள்வியும் ஆகும்.

ஆனால், தோழர்களே, சொல்லி அனுப்ப முடியாதவன் என்ன செய்வான்?

குழந்தை இருக்கிறது. அதற்குச் சட்டம் வழி செய்திருக்கிறது. குழந்தையின் நலனுக்கு மாறான நலன் இல்லாத பெரியவர் ஒருவர், நெருங்கிய நண்பர் என்ற பெயரிலே அதற்காக வழக்குத் தொடுக்கலாம். மனநலம் குன்றியவர்க்கும் அப்படியே. சிறையிலே அடைக்கப்பட்டவனை எண்ணிப் பாருங்கள். இருக்கிறானா இல்லையா என்றே தெரியாதபடி மறைக்கப்பட்டவனை எண்ணிப் பாருங்கள். அவனிடம் யார் போய் வக்காலத்திலே ஒப்பம் வாங்குவது? பூட்டி வைத்தவனே சாவியையும் வைத்திருக்கிறானே!

1771ஆம் ஆண்டு இலண்டனிலே இந்தக் கேள்வி எழுந்தது. ஜேம்ஸ் சாமர்செட் என்ற கறுப்பர், அமெரிக்காவின் வர்ஜினியாவிலே சார்லஸ் ஸ்டூவர்ட் என்பவரால் அடிமையாக விலைக்கு வாங்கப்பட்டவர், எஜமானனோடு இங்கிலாந்துக்கு வந்தார். வந்த இடத்திலே ஞானஸ்நானம் பெற்றார். பிறகு ஒருநாள் எஜமானன் வீட்டைவிட்டு வெளியேறினார். ஆள் வைத்துப் பிடித்தார்கள். 'ஆன் அண்ட் மேரி' என்ற கப்பலிலே விலங்கிட்டு அடைத்தார்கள். கப்பல் ஜமைக்காவுக்குப் போகும். அங்கே சந்தையிலே அவரை விற்றுவிடலாம் என்பது ஏற்பாடு. கப்பலின் அடித்தளத்திலே சங்கிலியோடு கிடக்கிற மனிதன் எந்தத் தாளிலே கையெழுத்திடுவான்?

அவருக்காக மன்றத்தின் கதவைத் தட்டியவர்கள் மூவர்: தாமஸ் வாக்கின், எலிசபெத் கேட், ஜான் மார்லோ. யார் இவர்கள்? பிரபுக்களா? அமைச்சர்களா? அந்த ஞானஸ்நானத்தின்போது சாமர்செட்டுக்கு ஞானப் பெற்றோராக நின்றவர்கள். இரத்த உறவில்லை, நிறமும் வேறு. "எங்களுக்குத் தெரிந்த மனிதர் இன்ன கப்பலிலே இன்னார் பிடியிலே அடைபட்டிருக்கிறார்" என்று சத்தியப் பிரமாணம் செய்தார்கள். ஆட்கொணர்வு ஆணை பிறந்தது. கப்பல் தலைவன் நோல்ஸ், மான்ஸ்ஃபீல்டு பிரபுவின் மன்றத்துக்குச் சாமர்செட்டைக் கொண்டுவந்து நிறுத்தினான். மாதக்கணக்கிலே வாதம் நடந்தது. 1772 ஜூன் 22 அன்று, ஒருவரை இப்படி வலுக்கட்டாயமாகப் பிடித்து நாட்டைவிட்டுக் கொண்டுபோக இங்கிலாந்தின் சட்டத்திலே இடமில்லை என்று தீர்ப்பாயிற்று. சாமர்செட் விடுதலை பெற்றார். பேரரசின் அடிமை முறையை ஒழிக்கும் சட்டம் வர 1833 வரையிலே காத்திருக்க வேண்டியிருந்தது என்பது உண்மை. என்றாலும் அந்த மூவரும் 'நமக்கு யார் சொன்னார்' என்று வீட்டிலே இருந்திருந்தால், கப்பல் புறப்பட்டிருக்கும்.

நம் பக்கத்து மாநிலத்துக்கு வாருங்கள். நெருக்கடி நிலைக் காலம். 1976 மார்ச் 1 அன்று, கோழிக்கோடு வட்டாரப் பொறியியல் கல்லூரி மாணவர் ராஜனைப் போலீசார் பிடித்துப் போனார்கள். தந்தை ஈச்சர வாரியர் கதவு கதவாய்த் தட்டினார். நெருக்கடி நிலையிலே காவலிலிருப்போர்க்காக ஆட்கொணர்வு மனுப் போட முடியாது என்று அந்த ஏப்ரலிலேயே உச்ச நீதிமன்றத்தின் ஐவரில் நால்வர் கூறிவிட்டனர். நீதிபதி கன்னா ஒருவர்தான் மறுத்து நின்றார். யாருக்காகவும் யாரும் வரமுடியாத காலம் அது! 1977 மார்ச்சிலே நெருக்கடி நிலை நீங்கிற்று. நீங்கிய அந்த வாரத்திலேயே, மார்ச் 25 அன்று, தந்தை கேரள உயர்நீதிமன்றத்திலே மனுப் போட்டார். மகன் கையெழுத்து எங்கே என்று யாரும் கேட்கவில்லை. மகன் எங்கே என்றுதான் நீதிமன்றம் அரசைக் கேட்டது. அரசால் அவனைக் கொண்டுவந்து நிறுத்த முடியவில்லை; காவலிலே இறந்துபோனான் என்று ஒப்புக்கொள்ள நேர்ந்தது. அந்தச் சிக்கலிலே முதலமைச்சர் கருணாகரன் ஏப்ரல் 25 அன்று பதவி விலகினார். தகப்பன் ஒருவன் போட்ட மனுவுக்கு ஒரு மாதம் நிறைந்த நாள் அது!

தகப்பனாவது இரத்த உறவு. 1979இலே பீகார்ச் சிறைகளிலே, விசாரணையே இல்லாமல், தண்டித்தால் எத்தனை ஆண்டு கிடைக்குமோ அதைவிட அதிகமான ஆண்டுகளைக் கழித்துக்கொண்டிருந்தவர்களுக்கு யார் உறவு? பத்திரிகையிலே வந்த கட்டுரைகளைப் படித்துவிட்டு புஷ்பா கபிலா ஹிங்கோரானி என்ற வழக்கறிஞர் உச்ச நீதிமன்றம் போனார். அந்தக் கைதிகளிலே ஒருவரையும் அவருக்குத் தெரியாது. ஒருவரும் அவருக்கு வக்காலத்துத் தரவில்லை. ஹுசைனாரா காத்தூன் என்ற பெண் கைதியின் பெயரால் அறியப்படும் அந்த வழக்கு ஏற்றுக்கொள்ளப்பட்டது. விரைவான விசாரணை உயிர் வாழும் உரிமையிலே அடங்கியது என்ற தீர்ப்பும் வந்தது. அதே ஆண்டு டிசம்பரிலே இன்னொரு தீர்ப்பு. திகார்ச் சிறையிலே மரண தண்டனை பெற்றுக் கிடந்த சுனில் பத்ரா, பக்கத்திலே இன்னொரு கைதி சித்திரவதை செய்யப்பட்டதைக் கண்டு நீதிபதிக்கு ஒரு கடிதம் எழுதினார். தன் கழுத்துக்குக் கயிறு காத்திருக்கையிலே அடுத்தவன் உடம்புக் காயத்துக்காக எழுதினார்! கடிதமே மனுவாயிற்று. 1981இலே எஸ்.பி. குப்தா வழக்கிலே நீதிபதி பகவதி இதை விதியாகவே வகுத்தார்: வறுமையாலோ இயலாமையாலோ நீதிமன்றத்தை அணுக முடியாதவர்களுக்கு இழைக்கப்பட்ட சட்டக் கேட்டுக்காக, நல்லெண்ணம் கொண்ட எவரும் மனுச் செய்யலாம்.

வாச்சாத்தியை மறக்க முடியுமா? 1992 ஜூன் 20. தர்மபுரி மாவட்டத்து மலையடிவாரச் சிற்றூரிலே வனத்துறையும் காவல்துறையும் வருவாய்த்துறையும் புகுந்தன. 18 பெண்கள் சீரழிக்கப்பட்டனர். வீடுகள் நொறுக்கப்பட்டன. புகார் சொல்லவேண்டிய பெண்களே சிறையிலே கிடந்தனர். அவர்களுக்காக வழக்கு மன்றம் ஏறியவர் மார்க்சிஸ்ட் கட்சியின் அன்றைய மாநிலச் செயலாளர் ஏ. நல்லசிவன். கட்சி வேறு, கொடி வேறு, அதனால் என்ன? நல்ல காரியத்தை எவர் செய்தாலும் நல்ல காரியமே. 269 பேர்மீது வழக்கு; 2011 செப்டம்பரிலே, அதற்குள் இறந்துபோன 54 பேர் நீங்கலாக 215 பேரும் குற்றவாளிகள் எனத் தீர்ப்பு; 2023 செப்டம்பரிலே சென்னை உயர்நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. ஒன்றைக் கவனியுங்கள். மனுப் போட்டவர் வேறொருவர். ஆனால் சாட்சிக் கூண்டிலே ஏறி, நடந்தது இதுதான் என்று சொன்னவர்கள் அந்தப் பெண்களே.

இவ்வளவையும் படித்துவிட்டு, 'அப்படியானால் நாமும் யாருக்காகவும் மனுப் போடலாம்' என்று கட்சித் தோழர் எவரேனும் துள்ளி எழுந்தால், அவருக்கு ஒரு கடிவாளம். அதே 1992இலேதான் இதுவும் நடந்தது. முன்னாள் இராணுவத் தளபதி வைத்யாவைப் புனேயிலே சுட்டுக் கொன்ற வழக்கிலே இருவருக்கு மரண தண்டனை. அவர்களுக்காகச் சிம்ரன்ஜித் சிங் மான் என்ற அகாலித் தலைவர் உச்ச நீதிமன்றம் போனார். நீதிமன்றம் கேட்டது: அந்த இருவரும் சிறுவர்களா? இல்லை. மனநலம் குன்றியவர்களா? இல்லை. உமக்கு அதிகாரம் தந்தார்களா? இல்லை. அப்படியானால் தீர்ப்பை எதிர்க்க நீர் யார் என்று மனுவைத் தள்ளிவிட்டது. அவர்கள் தங்கள் காரியத்தைத் தாங்களே முடிவு செய்யக்கூடியவர்கள். அந்த முடிவு உமக்குப் பிடிக்கவில்லை என்பதற்காக நீர் உள்ளே வரமுடியாது! அவர்கள் செய்த செயலை நான் வெறுக்கிறேன். தூக்குக் கயிற்றையும் வெறுக்கிறேன். என்றாலும் அந்தக் கேள்வி தவறான கேள்வி என்று என்னால் சொல்ல முடியவில்லை. வாயிருப்பவனுக்குப் பதிலாக நாம் பேசினால், அவனுக்கு வாய் கொடுக்கிறோமா, அவன் வாயைப் பொத்துகிறோமா?

என் கதையிலே அந்தத் தொழிலாளிக்கு வாய் இருந்தது. ஒரு கையும் இருந்தது. அவரைக் கேட்காமல் மனு எழுதினோம் என்று சொல்ல மாட்டேன், கேட்டுத்தான் எழுதினோம். அவர் சம்மதத்தைத் தாளிலே அவர் கையாலே வாங்கவில்லை, அதுதான் பிழை. மறந்து விடுபட்ட கையெழுத்தாக இருந்திருந்தால்கூடப் பிழைத்திருப்போம். வக்காலத்திலும் மனுவிலும் உள்ள இத்தகைய குறைகளைத் திருத்திக்கொள்ள வாய்ப்புத் தரவேண்டும், அவற்றையே காரணமாக்கி வழக்கைக் கொன்றுவிடக் கூடாது என்று 2005இலே உதய் சங்கர் திரியார் வழக்கிலே உச்ச நீதிமன்றம் அழகாகச் சொல்லியிருக்கிறது. இல்லாத கையெழுத்தை நாளை போடலாம். பொய்யான கையெழுத்தை என்ன செய்வது?

புதிய மனு தயாராயிற்று. இம்முறை நான் ஒரு வரியும் சொந்தமாக எழுதவில்லை. சங்கத்து வழக்கறிஞர் எழுதினார். அதிகாரக் கடிதத்திலே இடது பெருவிரல் ரேகை. பக்கத்திலே இரண்டு சாட்சிகள். நண்பர் தம் சொந்தப் பெயரைத் தம் சொந்தக் கையாலே எழுதினார். எழுதும்போது கை நடுங்கியதைப் பார்த்தேன். 2 ஆண்டுக் கெடு தாண்டிவிட்டதே, தாமதத்தைப் பொறுத்தருள ஒரு மனு. அதை எதிர்த்து அவர்கள் ஒரு மனு. அந்தச் சண்டையே ஓராண்டுக்கு மேல் ஓடிற்று. இதற்கிடையே அவர் மனைவியின் தாலிக்கொடி அடகுக்குப் போயிற்று. மூத்த பிள்ளையின் படிப்பு எட்டாம் வகுப்போடு நின்றது. நான் அந்தத் தெருவழியே போவதைத் தவிர்த்தேன். அவரோ வழியிலே கண்டால், "தம்பி, சாப்பிட்டாச்சா?" என்றுதான் கேட்பார்.

கடைசியிலே இழப்பீடு கிடைத்தது. தொகையைப் பெற்றுக்கொள்ள அவர் வந்த அன்று நானும் கூடப் போயிருந்தேன். பற்றுச்சீட்டை வைத்து, மைப் பெட்டியைத் திறந்து, பெருவிரல் வைக்கச் சொன்னார் எழுத்தர். அவர் வேண்டாம் என்று தலையசைத்துவிட்டு என் சட்டைப் பையிலிருந்த பேனாவை எடுத்தார். இளைய மகனின் கணக்கு நோட்டிலே எத்தனை மாதம் பழகினாரோ, இடது கையாலே தம் பெயரை எழுதினார். எழுத்து கோணலும் மாணலுமாக இருந்தது. எதிர்த்தரப்பு வக்கீல் எட்டிப் பார்த்தார். ஒன்றும் கேட்கவில்லை.